நாலு விரல் கை

எங்கள் கார்ட்டூன் பட ஸ்டுடியோவில் யாருக்கும் ஐந்து விரல் கிடையாது. வரைகிற எங்களுக்கு உண்டு, வரையப்படுகிற ஆட்களுக்கு இல்லை. கட்டைவிரல் ஒன்று, மற்றவை மூன்று, அவ்வளவுதான். குடிகாரன், மந்திரி, பூனை, பல்பசை விளம்பரத்தில் சிரிக்கிற பெண்மணி, எல்லாருக்கும் நாலுதான். சின்ன உருவத்தில் ஐந்து போட்டால் கை ஒரு கட்டு கேரட் மாதிரித் தெரியும். அதுவும் போக, ஆயிரக்கணக்கான படம் வரைகிற வேலையில் ஒவ்வொன்றிலும் ஒரு விரல் மிச்சம் என்பது சின்ன விஷயம் இல்லை. வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே இதைச் சொல்லிக்கொடுத்துவிடுவார்கள். அடுத்த வாரம் சொல்லிக்கொடுத்ததே மறந்துவிடும். அப்புறம் நாலு விரலைப் பார்த்தால் நமக்கு முழுக் கையாகத்தான் தெரியும்.

படம் பார்க்க வருகிறவர்களும் எண்ணுவதில்லை. எனக்குத் தெரிந்து எண்ணிப் பார்த்த ஒரே ஆள் லோவ்ரோ.

லோவ்ரோ எங்கள் தொழிலாளர் மன்றத்தின் தலைவர். ஸ்டுடியோவில் எதையும் ஓட்டெடுத்து முடிவு செய்கிற ஒன்பது பேர்தான் மன்றம். முன்பு ஒரு செருப்புத் தொழிற்சாலையில் பெரிய பொறுப்பில் இருந்தார், இரண்டு வருடம் முன்னால் கட்சி அவரை இங்கே அனுப்பிவைத்தது. யுத்தத்தின்போது மலைக்குப் போய்த் துப்பாக்கி பிடித்தவர். ஏதோ ஒரு குளிர்காலத்தில் வலது கைச் சுண்டுவிரலை அங்கேயே விட்டுவிட்டு வந்தார். அந்தக் கை எந்நேரமும் கோட்டுப் பைக்குள் இருக்கும். கை குலுக்க இடது கையைத்தான் நீட்டுவார், காபிக் கோப்பையையும் இடது கையால்தான் எடுப்பார். வாக்கெடுப்பு வந்தால் மட்டும் வலது கை வெளியே வரும். தோளுக்கு மேலே, நேராக, விறைப்பாக. அதைப் பற்றி ஸ்டுடியோவில் ஒருவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை. நாங்கள் நாகரிகமானவர்கள்.

நாங்கள் என்றா சொன்னேன்? அவர்கள் நாகரிகமானவர்கள். நான் ரயில்பெட்டித் தொழிற்சாலைக்குப் பின்னால் இருக்கிற குடியிருப்பில் வளர்ந்தவள். அப்பா தோமோ அங்கே வெல்டர். அம்மா ஒரு பள்ளிக்கூடத்தில் தரை துடைக்கிறாள். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். இது தொழிலாளர்களின் நாடு என்று சாக்ரெப் நகரத்தில் சுவருக்குச் சுவர் எழுதிவைத்திருக்கிறார்கள். ஆனால் எங்கள் வரைகூடத்தில் தொழிலாளி வீட்டுப் பிள்ளை நான் ஒருத்திதான். மற்றவர்கள் வீட்டில் பியானோ இருக்கும், கடற்கரையில் கோடைக்கு ஒரு வீடு இருக்கும். “யாகொதா, நீ ரொம்ப வெளிப்படையாப் பேசுற, அதுதான் உன்கிட்ட அழகே” என்பார்கள். சத்தமாகப் பேசுகிறாய், கொஞ்சம் குறைத்துக்கொள் என்று அதற்கு அர்த்தம்.

அங்கே நான் செய்வது இடைப்படம் வரைகிற வேலை. பெரிய ஓவியர் கை கீழே இருக்கிற ஒரு படமும், கை மேலே இருக்கிற ஒரு படமும் வரைந்துவிட்டுக் காபி குடிக்கப் போய்விடுவார். அந்தக் கை கீழிருந்து மேலே போவதற்கு நடுவில் வேண்டிய அத்தனை படங்களையும் நான் வரைய வேண்டும். ஐந்து வருடமாக மற்றவர்களுடைய தொடக்கத்துக்கும் மற்றவர்களுடைய முடிவுக்கும் நடுவில்தான் பிழைப்பு ஓடியது. இடைப்படம் வரைகிறவர்களுக்கு ஒரே ஒரு தடவை, தாங்களே ஒரு சோதனைப் படம் எடுக்க அனுமதி கிடைக்கும். அது வெளியே போனால் நீ இயக்குநர். போகாவிட்டால் நீ சாகும்வரை நடுவில்தான்.

என் படம் ஒரு ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாட்டில் பிறந்தது. அப்பா அவரைக்காய் விதைச் சூப்பில் ரொட்டியைப் பிட்டுப் போட்டுக்கொண்டே, தொழிற்சாலையில் தீர்மானம் போட்டதைச் சொன்னார்.

“என்ன தீர்மானம்?” என்றேன்.

“சாப்பாட்டு நேரத்துல கால்மணி குறைக்கிறாங்க.”

“யாரு குறைக்கிறா?”

“நாங்கதான். ஓட்டெடுத்தாங்க, எல்லாரும் கை தூக்கினோம்.”

“உங்க சோத்து நேரத்தை நீங்களே குறைச்சுக்கிட்டீங்களா?”

“எல்லாரும் தூக்கறப்போ நான் மட்டும் கையைத் தொடைக்கு நடுவுல சொருகிட்டு உக்காந்திருக்க முடியுமாடி?”

“முடியும்ப்பா.”

“உனக்கு முடியும். நீ படிச்சவ.”

“சூப்பு ஆறுது ரெண்டு பேருக்கும்” என்றாள் அம்மா. பேச்சு அதோடு நின்றது. எனக்குத்தான் ஆறவில்லை.

படத்தின் பெயர் ‘ஏகமனதாக’. ஆறு நிமிடம். பேச்சு கிடையாது, முகமும் கிடையாது. ஒரு நீள மேசையின் விளிம்பு, அதன்மேல் ஒன்பது கைகள். மணி அடிக்கும், கைகள் உயரும், தீர்மானம் நிறைவேறும். தீர்மானங்கள் திரையில் எழுத்தாக வரும். முதல் தீர்மானம் ஜன்னலைத் திறப்பது. அடுத்தது காபி சூடாக இருக்கிறது என்பது. அதற்கடுத்தது வெளியே மழை பெய்யவில்லை என்பது. மழைச் சத்தம் மட்டும் நிற்காமல் கேட்டுக்கொண்டே இருக்கும். பிறகு, கடைசியாக உயர்கிற கையை அழித்துவிடலாம் என்று ஒரு தீர்மானம். அதுவும் நிறைவேறும். எட்டு கை, ஏழு கை, ஆறு கை. முடிவில் ஒற்றைக் கை. அது இந்தப் பக்கம் அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டு மெல்ல உயரும். மணி அடிக்கும். ஏகமனதாக.

தடித்த பழுப்புத் தாளில் கரித்துண்டால் வரைந்தேன். ஒரு கையை வரைவது, காமிராவில் ஒரு கட்டம் எடுப்பது, துணியால் துடைப்பது, அதே தாளில் கொஞ்சம் உயர்த்தி மறுபடி வரைவது. எவ்வளவு துடைத்தாலும் பழைய கையின் சாம்பல் நிறக் கறை தாளில் தங்கிவிடும். அழிக்கப்பட்ட கைகள் படம் முடிகிறவரை மேசைமேல் கறையாகக் கிடக்க வேண்டும் என்பதற்காகத்தான் அந்த முறையைப் பிடித்தேன். சனிக்கிழமை, ஞாயிற்றுக்கிழமை என்று பாராமல் சேமிப்பறையில் உட்கார்ந்து செய்தது. முடிக்க ஒன்பது மாதம் ஆனது.

கைகள் உயர்கிற வேகத்தை எங்கள் மன்றக் கூட்டத்திலிருந்தே எடுத்தேன். ஊழியர் யார் வேண்டுமானாலும் பின் பெஞ்சில் உட்கார்ந்து பார்க்கலாம். முதலில் லோவ்ரோவின் கை உயரும். அரை நொடி கழித்துத் தலைமை இயக்குநர் கிரேஷோவின் கை, முழங்கையை மேசையிலிருந்து எடுக்காமல். அப்புறம் மற்றவர்கள் கொத்தாக. கடைசியில் வண்ணக்கூடத்தின் தலைவி ஷ்டேஃபா. நகத்தில் ஒட்டிய பெயின்ட்டைச் சுரண்டி முடித்துவிட்டுத்தான் அவள் தூக்குவாள். இது எப்போதும் மாறியதில்லை. என் படத்தின் கதைச் சுருக்கத்தைப் போன வருடம் இதே வரிசையில்தான் நிறைவேற்றினார்கள். ஒருவரும் படித்திருக்கவில்லை.

நாலு விரல் போட்டது பழக்கம். நான் யோசிக்கவே இல்லை. ஒன்பது மாதம் கையை மட்டுமே வரைந்திருக்கிறேன், ஒரு தடவைகூட எண்ணிப் பார்க்கத் தோன்றவில்லை. வரைகூடத்தில் அத்தனை பேர் வந்து எட்டிப் பார்த்தார்கள், அவர்களுக்கும் தோன்றவில்லை. எங்கள் கண்ணில் அது முழுக் கை.

மன்றத்துக்குப் போட்டுக் காட்டிய அன்று, மழை வரைக்கும் நன்றாகச் சிரித்தார்கள். முதல் கை அழிந்ததும் சிரிப்பு குறைந்தது. ஐந்தாவது கை போனபோது நாற்காலிகள் கிறீச்சிட்டன. விளக்கு எரிந்ததும் எல்லாரும் லோவ்ரோவைப் பார்த்தார்கள். அவர் எழுந்து நின்றார், வலது கை பைக்குள்.

“தோழர் யாகொதா,” என்றார். “எனக்குச் சிரிக்கத் தெரியாதுன்னு நினைக்காதீங்க. கூட்டம் நீளுதுங்கிறீங்களா, நீளுது. மழை ஜோக் எனக்கும் பிடிச்சது. ஆனா நான் எண்ணினேன். ஒன்பது கை. ஒன்பதுலயும் நாலு விரல்.”

எனக்கு உடனே புரியவில்லை. புரிந்தபோது காது இரண்டும் சுட்டது.

“கை தூக்குற படம். நாலு விரல் கை. இந்தக் கட்டடத்துல அப்படி எத்தனை பேரு இருக்கோம்? ஒருத்தன் உடம்புல இருக்கிற குறையை வச்சு விளையாடுறது எங்க ஊர்ல விடலைப் பசங்க பண்ற வேலை. படிச்ச பொண்ணு பண்ணுவான்னு நினைக்கல. எல்லாக் கைக்கும் அஞ்சாவது விரல் வர்ற வரைக்கும் இந்தப் படம் வெளிய போகாது. அடுத்த கூட்டத்துல தீர்மானமா கொண்டுவரேன்.”

கதவைச் சாத்திவிட்டுப் போனார். ஓங்கி அடிக்கவில்லை. அடித்திருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

எட்டு பேர் அந்த அறையில் இருந்தார்கள். ‘தோழர், நம்ம எல்லாப் படத்துலயும் நாலு விரல்தான்’ என்று ஒருவர் சொன்னால் முடிந்துபோகிற விஷயம். ஒருவரும் வாய் திறக்கவில்லை. அதைச் சொன்னால், உங்கள் கையிலும் நாலுதான் என்று எங்களுக்குத் தெரியும் என்பதை ஒத்துக்கொண்டதாக ஆகிவிடும். இரண்டு வருடமாகத் தெரியாத மாதிரி நடித்தவர்களால் திடீரென்று எப்படிச் சொல்ல முடியும்? எனக்கும் நாக்கு எழவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

கிரேஷோ என்னை வண்ணக்கூடத்துக்குத் தள்ளிக்கொண்டு போனார். வெளிநாட்டு விழாக்களில் பரிசு வாங்கியவர். கழுத்தில் எப்போதும் பட்டுத் துண்டு. அங்கே ஷ்டேஃபா தூரிகைகளைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

“அதிர்ஷ்டக்காரி நீ!” என்றார் கிரேஷோ. முகமெல்லாம் சிரிப்பு.

“எதுல?”

“அட, மனுஷன் விரலையே பாத்துட்டு உக்காந்திருந்தாரு, மத்த எதையும் பாக்கல. நீ கட்சியை, மன்றத்தை, மொத்தக் கடையையும் சேர்த்து நக்கல் பண்ணியிருக்க. அவருக்குச் சுண்டுவிரல்தான் கண்ணுல பட்டுது. இப்படி ஒரு யோகம் எனக்கு இருபது வருஷத்துல வந்ததில்ல. போய் மன்னிப்புக் கேளு. கண்ணைக் கொஞ்சம் கசக்கிக்க. ஒரு விரலைச் சேர்த்துடு. படம் பத்திரமா வெளிய போயிடும்.”

“சேர்த்துடவா? எங்க சேர்க்கிறது?”

“ஒரு விரல்தானேம்மா.”

கைகளைத் துடைத்து அழித்த துணியைப் பையிலிருந்து எடுத்து அவர் முன்னால் மேசைமேல் போட்டேன். தார் மாதிரிக் கறுத்துப்போயிருந்தது.

“என் படம் மொத்தமும் இதுல இருக்கு. இதுலேர்ந்து எடுத்துக் குடுங்க, விரல் சேர்த்துத் தரேன்.”

அவர் துணியைத் தொடாமல் பார்த்தார். “சரி, மறுபடி எடு. இன்னொரு வருஷம். சின்னப் பொண்ணுதானே நீ.”

“மறுபடிக்கு யாரு அனுமதி தருவா? உங்களுக்கு அடுத்த படம் இருக்கு, அதுக்கு அடுத்தது இருக்கு. எனக்கு இது ஒண்ணுதான்.”

“கோபப்பட்டா வேலைக்காகாது, யாகொதா.”

“நீங்க எழுந்து சொல்லியிருக்கலாம். நீங்க வரையிற பூனைக்கும் நாலு விரல்தானே?”

பட்டுத் துண்டைச் சரிசெய்துகொண்டார். “சில விஷயத்தைச் சொல்லாம இருக்கிறதுதான் மரியாதை.” போய்விட்டார்.

ஷ்டேஃபா தூரிகையை உதறினாள். என் சட்டையில் நீலம் தெறித்தது.

“நீயும் மன்றத்துல இருக்கல்ல, ஷ்டேஃபா?”

“இருக்கேன். அதனாலதான் காலாண்டுக்கு ஒரு தடவை ஓசிக் காபி குடிக்கிறேன். என்னைப் பாக்காதடி. இருபத்தெட்டுப் பொண்ணுங்களுக்கு நல்ல பெயின்ட்டும் கையுறையும் வாங்கித் தரணும் நான். அதுக்குக் கையெழுத்துப் போடுறது யாரு? லோவ்ரோ.” கொஞ்சம் நின்றுவிட்டு, “அந்தக் கடைசிக் கை இருக்கே, திரும்பித் திரும்பிப் பாக்குமே, அது இன்னும் என் கண்ணுலயே நிக்குது. போ இப்போ” என்றாள்.

வீட்டில் அப்பாவிடம் சொன்னேன். அனுதாபம் கிடைக்கும் என்று எதிர்பார்த்தேன். சிரித்துச் சிரித்து அவருக்குப் புரையேறியது.

“எங்க பட்டறையில மூணு பேருக்கு விரல் கிடையாது, தகடு அமுக்குற மெஷின்ல போச்சு” என்றார் கண்ணைத் துடைத்துக்கொண்டு. “ஸ்டீபோன்னு ஒருத்தன். கடையில போய் அஞ்சு பீர்னு கையைக் காட்டுவான், கடைக்காரன் மூணுதான் குடுப்பான். தினம் இதே கூத்து. கையுறை வாங்குனா பாதி விலைக்குத் தருவியான்னு அவனே கேப்பான்.”

“இவரு அப்படி இல்லப்பா.”

“எப்படி இருப்பான்? உங்க ஆபீஸ்ல யாராவது அவனை ஒரு தடவையாவது கிண்டல் பண்ணியிருக்கீங்களா?”

“கிண்டலா? அங்க யாரும் அந்தப் பக்கம் திரும்பக்கூட மாட்டாங்க.”

“ரெண்டு வருஷமாவா?” அப்பா ரொட்டியைக் கீழே வைத்தார். “பாவம்டி அந்த ஆளு. எல்லாரும் பாக்காத மாதிரி பாத்துட்டே இருந்திருக்கீங்க.”

அன்றைக்கு ராத்திரி முழுக்க நான் யோசித்ததெல்லாம் ஒரே கணக்குதான். கிரேஷோ சொன்னதில் உண்மை இருந்தது, அதுதான் எரிச்சல். லோவ்ரோவின் சந்தேகத்தை அப்படியே விட்டுவிட்டால் நான் விரலுக்காக மாட்டிக்கொண்டவள், அவ்வளவுதான். என்றைக்காவது மன்னித்து இன்னொரு வாய்ப்புத் தரலாம். சந்தேகத்தைத் தீர்த்துவைத்தால், விரலைத் தள்ளிவிட்டு அவர் படத்தைப் பார்க்க ஆரம்பிப்பார். பார்த்தால் படமும் போகும், நானும் போவேன். பொய்யான குற்றத்தை மறுத்தால் நிஜமான குற்றம் வெளியே வரும்.

ஆனால் அந்த மனிதர் இரண்டு வருடமாகக் கையைப் பைக்குள் வைத்துக்கொண்டு நடக்கிறார். இனி என் படம் அதற்கு ஒரு காரணமாக இருக்கும். அவருடைய நாற்காலியை நக்கல் செய்யத்தான் படம் எடுத்தேன், விரலை இல்லை. நான் செய்யாததற்கு என் பெயரைப் போட்டுக்கொள்ள எனக்கு மனசு வரவில்லை. செய்ததற்குப் போட்டுக்கொள்கிறேன்.

கூட்டத்தன்று அறை நிறைந்திருந்தது. வரைகூடத்திலிருந்தும் வண்ணக்கூடத்திலிருந்தும் வந்து சுவரோரம் நின்றார்கள். வழக்கமான மேசை, ஒன்பது காபி. லோவ்ரோ உட்காருகிற நாற்காலிக்குப் பின்னால், சுவரில், ஸ்டுடியோவுக்குப் பெயர் வாங்கிக்கொடுத்த தடியன் காவலாளியின் பெரிய சுவரொட்டி. ஒரு கையில் லாந்தர். இன்னொரு கையை விரித்து, வருகிறவர்களுக்கெல்லாம் வணக்கம் சொல்லிக்கொண்டிருப்பான். அவனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு லோவ்ரோ இரண்டு வருடமாக உட்கார்ந்திருக்கிறார்.

செயலாளர் தீர்மானத்தை வாசித்தார். கைகள் திருத்தப்படும்வரை ‘ஏகமனதாக’ படத்தை நிறுத்திவைப்பது.

“யாருக்காவது ஏதாவது சொல்லணுமா?” என்றார் லோவ்ரோ. இந்தக் கேள்விக்கு இதுவரை யாரும் பதில் சொன்னதில்லை.

“எனக்குச் சொல்லணும்” என்றேன்.

கிரேஷோ என்னைப் பார்த்து மெதுவாகத் தலையை ஆட்டினார், வேண்டாம் என்று.

“தோழர் லோவ்ரோ, உங்க பின்னாடி இருக்கிற காவலாளிக்கு எத்தனை விரல்?”

“என்ன?”

“திரும்பி எண்ணுங்க.”

லோவ்ரோ உடனே திரும்பவில்லை. என்னைப் பார்த்தார், இதுவும் ஒரு விளையாட்டா என்று. பிறகு நாற்காலியோடு திரும்பினார். அவர் முதுகு மட்டும்தான் எங்களுக்குத் தெரிந்தது. எண்ணினார் என்று நினைக்கிறேன். இன்னொரு தடவையும் எண்ணியிருக்க வேண்டும், அவ்வளவு நேரம் ஆனது.

“கிரேஷோவோட பூனைக்கும் நாலுதான்,” என்றேன். “அஞ்சு போட்டா வேலை ஜாஸ்தி, பாக்கவும் அசிங்கமா இருக்கும். உங்களுக்கு முன்னாடியிருந்தே இப்படித்தான். உங்க விரலை யாரும் வரையல. இங்க யாருக்கும் உங்க விரலைப் பத்திப் பேசவே தைரியம் கிடையாது, அப்புறம் எங்க வரையிறது?”

சுவரோரம் ஒருத்தி களுக்கென்று சிரித்து வாயைப் பொத்திக்கொண்டாள்.

லோவ்ரோ திரும்பி உட்கார்ந்தார். முகம் சிவந்திருந்தது. “இதை ஏன் யாரும் எங்கிட்ட சொல்லல?” அவர் கேட்டது மேசையைச் சுற்றியிருந்த எட்டு பேரிடம். எட்டு பேரும் காபியைப் பார்த்தார்கள்.

“சரி,” என்றார் என்னிடம். “விரல் நான் இல்ல. அப்போ இந்தக் கையெல்லாம் யாரு?”

இந்தக் கேள்வி வரும் என்று எனக்குத் தெரியும். ராத்திரி முழுக்க இதற்கு நாலைந்து பதில் தயார் செய்து வைத்திருந்தேன். பொதுவான பதில்கள். மனித இனம், காலம், அப்படி. நாக்கில் ஒன்றும் நிற்கவில்லை.

“எங்கப்பா ஒரு கை. சாப்பாட்டு நேரத்தைக் குறைக்கத் தூக்கினாரு. மத்ததெல்லாம் இந்த மேசை. பின்னாடி உக்காந்து பாத்துதான் வரைஞ்சேன். முதல்ல தூக்குற கை நீங்க. விரல் மட்டும்தான் நீங்க இல்ல.”

கிரேஷோ கண்ணை மூடிக்கொண்டார்.

லோவ்ரோ கோபப்படுவார், கத்துவார், கட்சியை இழுப்பார் என்று காத்திருந்தேன். அவர் இடது கையால் காபிக் கோப்பையைத் தள்ளி வைத்தார். “வாக்கெடுப்பு” என்றார். “படத்தை நிறுத்திவைக்கணும்ங்கிறவங்க?”

கை உயர்த்த வேண்டிய நேரம். மேசையைச் சுற்றி எல்லாரும் லோவ்ரோவின் கோட்டுப் பையைப் பார்த்தார்கள். பையின் துணி அசைந்தது. உள்ளே கை மூடித் திறந்திருக்க வேண்டும். வெளியே வரவில்லை.

அந்தக் கை வந்து அரை நொடி கழித்துத்தான் கிரேஷோவின் கை வரும். கிரேஷோ முழங்கையை மேசையில் ஊன்றித் தயாராக வைத்திருந்தார், ஆனால் விரல் மட்டும்தான் ஆடியது. கிரேஷோ வராமல் மற்றவர்கள் வர மாட்டார்கள். ஒன்பது மாதம் நான் கணக்குப் போட்ட அதே வரிசை, முதல் கை இல்லாததால் அப்படியே நின்றுவிட்டது. எல்லாருக்கும் இன்னொன்றும் தெரிந்திருந்தது. இப்போது யார் முதலில் தூக்கினாலும் அவர் படத்துக்குள் போய்விடுவார்.

“ஒருத்தரும் இல்லையா?” என்றார் லோவ்ரோ.

ஒருவரும் இல்லை.

“தீர்மானம் விழுந்தது. எழுதிக்கோங்க. படத்தை வெளிய அனுப்பலாம்ங்கிறவங்க?”

அதற்கும் அவர் கை வரவில்லை. அதனால் அதற்கும் யாரும் தூக்கவில்லை. எனக்கு அப்போதுதான் உறைத்தது. நிறுத்தவும் இல்லை, அனுப்பவும் இல்லை என்றால் படம் அலமாரிக்குப் போகும். எங்கள் ஊரில் படங்களை யாரும் தடை செய்வதில்லை, அலமாரியில் வைத்துச் சாவியைத் தொலைத்துவிடுவார்கள். நான் கையைத் தூக்கினேன்.

“நீங்க மன்ற உறுப்பினர் இல்ல, தோழர்” என்றார் செயலாளர். தெரியும். கையை இறக்கவில்லை.

ஷ்டேஃபா நகத்தில் ஒட்டியிருந்த பச்சைப் பெயின்ட்டைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். சுரண்டி முடித்தாள். நகத்தை ஊதினாள். “சே, காபி ஆறிப்போச்சு” என்று சொல்லிவிட்டுக் கையைத் தூக்கினாள்.

வேறு யாரும் தூக்கவில்லை. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திரும்பிப் பார்த்தாள், இறக்கவில்லை. எங்கேயும் பார்க்க முடியாமல் நான் மேசையைப் பார்த்தேன்.

“ஒண்ணு,” என்றார் செயலாளர். “எதிர்க்கிறவங்க?” பூஜ்யம். அவர் விதிப் புத்தகத்தைப் புரட்டினார். “பதிவான வாக்குல பெரும்பான்மைன்னுதான் இருக்கு. தூக்காதவங்களைக் கணக்குல சேர்க்க வேண்டாம்.” எழுதத் தொடங்கி, பேனாவை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. “ஒருத்தர் ஆதரவு, எதிர்ப்பு இல்ல. அப்படின்னா இதை வழக்கமா எப்படி எழுதுவோம்னா... ஏகமனதாக.”

முதலில் சுவரோரம் சிரித்தார்கள். அப்புறம் கிரேஷோ. லோவ்ரோ சிரிக்கவில்லை. “எழுதுங்க” என்றார்.

படம் அந்தக் கோடையில் கடலோர ஊர் ஒன்றில் நடந்த விழாவுக்குப் போனது. மழைக்குச் சிரித்தார்கள், கடைசிக் கைக்கு அமைதியாக இருந்தார்கள், எனக்கு அது போதும். வெளிநாட்டுப் பத்திரிகைக்காரன் ஒருவன் வந்து, ஏன் நாலு விரல் என்று கேட்டான். வேலை மிச்சம் என்றேன். அவன் அது எங்கள் நாட்டின் இழந்துபோன சுதந்திரத்தைக் குறிக்கிறது என்று எழுதினான்.

லோவ்ரோ என்னை மன்னித்தார் என்று யாரும் நினைக்க வேண்டாம். இயக்குநர் என்று ஒரு காகிதம் கையில் இருக்கிறது. அடுத்த படத்துக்கு மூன்று தடவை கதை கொடுத்தேன், மூன்றும் ‘பரிசீலனையில்’ கிடக்கிறது. அதுவரைக்கும் பல்பசை விளம்பரத்துக்கு இடைப்படம் வரைகிறேன். ஷ்டேஃபாவின் பெயரை அடுத்த மன்றத் தேர்தலில் யாரும் முன்மொழியவில்லை. “ஓசிக் காபி போச்சு” என்றாள். கையுறைகள் மட்டும் வந்து சேர்ந்தன. எப்படி என்று கேட்டதற்கு, “நேரா அவர் அறைக்குப் போய், ‘எங்க பொண்ணுங்களுக்கு அஞ்சு விரல் கையுறை வேணும்’னு கேட்டேன். ஒரு நிமிஷம் முறைச்சாரு. கையெழுத்துப் போட்டுட்டாரு” என்றாள்.

கூட்டங்கள் மட்டும் மாறிவிட்டன. இப்போதெல்லாம் லோவ்ரோ கையைக் கடைசியில்தான் தூக்குகிறார். மற்றவர்கள் அது தெரிந்தும் அவர் கோட்டுப் பையையே பார்த்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். அவர் அவர்களைப் பார்த்துக்கொண்டு காத்திருக்கிறார். சுவரோரக் குழாய்க்குப் பெயின்ட் அடிப்பதா வேண்டாமா என்பதற்குக்கூட ஒரு மதியம் போய்விடுகிறது. காபி இரண்டாம் தடவை வருகிறது.

நான் பின் பெஞ்சில் உட்கார்ந்து கரித்துண்டால் வரைந்துகொண்டிருக்கிறேன். இந்தத் தடவை விரல்களை எண்ணித்தான் போடுகிறேன்.